எந்த முதலாளி?

முதலாளித்துவம் அறமானதா, இல்லையா என்று தமிழில் வாதிடத் தொடங்குகிறவர் முதலில் அந்தச் சொல்லுக்குள் நிற்கிற ஆள் யார் என்று கேட்க வேண்டும். தமிழ்நாட்டு மேடைகளில் முதலாளி என்றால் ஆலைக்காரர். எங்கட நமுனுகுலவில் முதலாளி என்றால் கடைக்காரர். அரிசி, கருவாடு, மண்ணெண்ணெய், பீடி விற்கிறவர். பசறையிலும் பதுளையிலும் அப்படித்தான். சிங்களத்திலும் அதே சொல் அதே பொருளில்தான் வழங்குகிறது. மலையைச் சொந்தமாக வைத்திருந்தவரை லயத்தில் ஒருத்தரும் முதலாளி என்று சொன்னதில்லை. பங்களாவில் இருந்தவர் துரை. அவரும் சம்பளம் வாங்கியவர்தான். உண்மையான சொந்தக்காரர்கள் லண்டனில் பங்குப் பத்திரத்தை மேசைக்குள் வைத்திருந்தார்கள். அவர்களைக் குறிக்க லயத்துப் பேச்சில் ஒரு பெயர்கூட இல்லை.

மலையக இலக்கியத்தைப் பற்றிய என் குறைபாடு இங்கேதான் தொடங்குகிறது. நான் வாசித்த கதைகள் பலவற்றில் சுரண்டல் என்பது மூன்று முகங்களாக வருகிறது: துரை, கங்காணி, கடை முதலாளி. மூவரும் ஒரே மாவில் பிசைந்தவர்கள் போல இருப்பார்கள். கடை முதலாளி பெரும்பாலும் ஒரு நானா. தராசில் விரலை வைப்பார். இதற்குப் பதில் சொல்லப் புறப்பட்ட எங்கட எழுத்தாளர்கள் சிலர் அதே நானாவை ஈகையின் உருவமாக ஆக்கிவிட்டார்கள். பெருநாளைக்குத் துணி கொடுப்பார், பிள்ளைக்குப் பள்ளிக்கூடக் கொப்பி வாங்கிக் கொடுப்பார். இரண்டு வகைக் கதையிலும் ஆளின் மனசுதான் பேசப்படுகிறது. ஆள் நல்லவராக இருந்தால் உறவும் நல்லதாகிவிடும் என்பது இரண்டுக்கும் பொதுவான நம்பிக்கை. கணக்கு எப்படி நடந்தது என்பதை இரண்டுமே சொல்வதில்லை.

விதிவிலக்கு உண்டு. தெளிவத்தை ஜோசப்பின் 'மீன்கள்' சிறுகதையில் ஒற்றைக் காம்பராவின் நெருக்கடிதான் கதை. அங்கே கெட்டவனைத் தேடிக் கண்டுபிடிக்கத் தேவையில்லை. அறையின் அளவே குற்றவாளி. அவர் பதுளை மாவட்டத்துக்காரர், தோட்டத்திலேயே வேலை பார்த்தவர். அதனால்தானோ என்னவோ, வில்லனை எழுதுவதில் அவருக்கு அவசரம் இல்லை. சி. வி. வேலுப்பிள்ளையின் 'உழைக்கப் பிறந்தவர்கள்' ஆங்கிலத்தில் 1970இல் வந்தது. அதிலும் மனிதர்களுக்குப் பின்னால் ஓர் ஏற்பாடு தெரியும்.

அந்த ஏற்பாட்டை விளங்கிக்கொள்ள 1869ஆம் ஆண்டுக்குப் போக வேண்டும். அந்த வருசம்தான் ஆபிரகாம் ஜோசப் என்ற தோட்ட உத்தியோகத்தர் 'கோப்பிக் கிருஷிக் கும்மி'யை வெளியிட்டார். மலையகத் தமிழ் எழுத்தின் தொடக்க நூல்களில் ஒன்று என்று அதைச் சொல்வார்கள். கோப்பிச் செய்கையின் பெருமையைப் பாடுகிற நூல். பார்வை முழுக்க நிர்வாகத்தின் பார்வை. அதே 1869இல்தான் நமுனுகுலவுக்கு அடுத்த மலைத்தொடரான மடூல்சீமையில் கோப்பி இலையில் துரு நோய் முதன்முதலாகக் கண்டறியப்பட்டது. இருபது வருசத்துக்குள் இலங்கைக் கோப்பி முடிந்தது. பல தோட்டக்காரர்கள் வங்குரோத்தானார்கள். தேயிலை வந்தது. முதலாளித்துவத்துக்காக வாதாடுகிறவர்கள் இந்த இடத்தைக் காட்டுவார்கள்: ஒரு பயிர் செத்த மலையில் இன்னொரு பயிரை வைத்து, கடன் வாங்கி, ஆலை கட்டி, உலகச் சந்தையைப் பிடித்த ஊக்கம் வேறு எந்த முறைக்கு வரும் என்று கேட்பார்கள். கேள்வி நியாயமானதுதான். 1883இல் கொழும்பில் தேயிலை ஏலம் தொடங்கியது. எந்தத் தோட்டத்துத் தூளுக்கு என்ன விலை என்று எல்லாருக்கும் தெரியும்படி சத்தம் போட்டு விற்கிற இடம் அது. ஒளிவு மறைவில்லாத விலைக்கு அதைவிட நல்ல உதாரணம் இந்நாட்டில் அரிது.

ஆனால் தூளுக்கு ஏலம் இருந்த அதே காலத்தில், அதைச் செய்த கைகளுக்கு 'துண்டு' இருந்தது. தொழிலாளி இந்தியாவிலிருந்து வந்த செலவு, வழிச் சாப்பாடு, கங்காணி கொடுத்த முற்பணம் எல்லாம் அவர் பேரில் கடனாக நிற்கும். அந்தக் கடனைத் தீர்த்தால் ஆளை விடுகிறேன் என்று துரை எழுதிக் கொடுக்கிற சீட்டுத்தான் துண்டு. வேறு தோட்டம் கடனைக் கட்டும். கடன் தோட்டம் மாறும். ஆளும் கடனோடு மாறுவார். தன் ஆட்கள் வேலைக்கு இறங்கின நாளெல்லாம் கங்காணிக்குத் தலைக்காசு. துண்டு முறை சட்டப்படி ஒழிந்தது 1921இல். குறைந்தபட்சச் சம்பளச் சட்டம் வந்தது 1927இல். இடையில் கடந்த தலைமுறைகளை எண்ணிப் பாருங்கள். தேயிலைக்குச் சந்தை இருந்தது, பங்குக்குச் சந்தை இருந்தது, தொழிலாளியின் கடனுக்குக்கூட ஒரு சந்தை இருந்தது. தன் உழைப்பை விற்கத் தொழிலாளிக்கு மட்டும் சந்தை இல்லை. இதை 'சந்தையின் கொடுமை' என்று எழுதுவது எனக்கு ஏற்புடையதல்ல. சந்தைக்குள் அவரை வரவிடாத கொடுமை இது. முதலாளித்துவம் அந்தத் தடையின்மேல்தான் இங்கே லாபம் பார்த்தது என்பதையும் மறைக்க முடியாது.

ஊவாவில் கடை முதலாளியும் தோட்டச் சொந்தக்காரரும் ஒரே ஆளாக இருந்த ஒரு பெரிய உதாரணம் உண்டு: தோமஸ் லிப்டன். கிளாஸ்கோவில் சின்னக் கடை வைத்திருந்த ஏழைப் பெற்றோரின் மகன். 1871இல் தன் முதற்கடையைத் திறந்தவர், 1890இல் இங்கே வந்து அப்புத்தளைப் பக்கம் தம்பேதன்ன உள்ளிட்ட தோட்டங்களை வாங்கினார். இடைத்தரகர்களைத் தள்ளிவிட்டு, தேயிலையைச் சின்னப் பொதிகளில், ஆலைத் தொழிலாளி வாங்கக்கூடிய விலையில் விற்றார். பணக்காரர் குடித்த பானத்தை ஏழை வீட்டு மேசைக்குக் கொண்டுபோனது கடைக்காரப் புத்திதான். அதில் ஓர் அறம் இருக்கிறது என்றே நான் சொல்வேன். கிளாஸ்கோ வாடிக்கையாளருக்குப் பிடிக்காவிட்டால் அடுத்த கடைக்குப் போவார் என்ற பயம் லிப்டனை நேர்மையாக வைத்தது. தம்பேதன்ன லயத்து ஆளைப் பற்றி அந்தப் பயம் அவருக்கு வேண்டியிருக்கவில்லை. அதே மனிதர், அதே புத்தி. ஒரு பக்கம் போகக்கூடியவர், மறுபக்கம் போக முடியாதவர். இன்றைக்கு 'லிப்டன் சீட்'டில் ஏறிப் படம் பிடிக்கிறவர்கள் போகிற வழியில் லயங்களைத் தாண்டித்தான் போகிறார்கள்.

இனி எங்கட கடைகள். இதைப் பற்றி எழுதாமல் மற்றவர்களை விமர்சிப்பது முறையாகாது.

வாப்பாவின் கடைப் பற்றுக் கொப்பிகள் சில என்னிடம் இருக்கின்றன. 1970களின் பின்பகுதியைச் சேர்ந்தவை. பிங்கராவ, கனவரல்லப் பக்கத்து லயங்களின் ஆட்கள் அவற்றில் இருக்கிறார்கள். பக்கத்தின் தலையில் லயத்து இலக்கம், வீட்டுக்காரர் பெயர். கீழே தேதிவாரியாக: அரிசி இரண்டு கொத்து, மா ஒரு றாத்தல், கருவாடு, தேங்காய், வெற்றிலை, சவர்க்காரம். இந்தப் பக்கங்களில் பெருமைப்பட நிறைய இருக்கிறது. வேலைநிறுத்த மாதங்களில் தோட்டத்து அரிசி நின்றாலும் கொப்பியில் வரிகள் நிற்கவில்லை. ஈடு இல்லை, சாட்சி இல்லை, நீதிமன்றம் இல்லை. சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தப்படி இந்தியா போனவர்களின் பக்கங்களில் குறுக்கே ஒரு கோடு, 'ஊருக்குப் போயாச்சு' என்று ஒரு வரி. வெண்கலச் சாமான்களை விற்றுக் கணக்கைத் தீர்த்துவிட்டுப் போனவர்களை நான் சின்ன வயதில் கண்டிருக்கிறேன். நாடே அவர்களை வேண்டாம் என்று சொன்னபோதும் அவர்கள் நானா கடைக் கடனை வைத்துவிட்டுப் போக விரும்பவில்லை. இதையெல்லாம் தர்மம் என்று அலங்கரிக்கத் தேவையில்லை. வாடிக்கையாளர் பட்டினி கிடந்தால் கடன் திரும்பாது. கடைக்காரர் ஏமாற்றுக்காரர் என்று பெயர் எடுத்தால் யாவாரம் நிற்காது. தன்னலம் பிறர்நலத்தோடு கைகோக்கிற இடம் அது. அடம் சிமித் சொன்னதும் ஏறக்குறைய இதுதான்.

ஆனால் அதே பக்கங்களில் இன்னொன்றும் தெரிகிறது. சாமானுக்கு நேரே விலை எழுதப்படவில்லை. மாதம் முடிய, சம்பள நாளுக்கு முதல் நாள், மொத்தம் மட்டும் போடப்பட்டிருக்கிறது. கைக்காசு கொடுத்து வாங்குகிறவருக்கு ஒரு விலை, பற்றுக்கு வாங்குகிறவருக்கு வேறு விலை. தவணைக்கு விற்கும்போது விலை கூட்டுவதை ஃபிக்ஹ் அறிஞர்களில் பெரும்பான்மையோர் அனுமதித்திருக்கிறார்கள், வாங்கும் நேரத்தில் அந்த விலை இரு தரப்புக்கும் தெரிந்து உறுதியாக வேண்டும் என்ற நிபந்தனையோடு. விலை தெரியாமல் வாங்கிப்போவது வேறு விசயம். அது எங்கட பாசாரில் மட்டும் நடந்ததல்ல. ஆனால் எங்கட பாசாரிலும் நடந்தது.

சூரா அல்பகராவின் 282ஆம் வசனம் அல்குர்ஆனிலேயே மிக நீளமானது. அது கடன் எழுதுவது பற்றியது. அதை ஓதாதவர்கள் எங்களில் இல்லை. கடனை எழுதி வையுங்கள் என்ற பகுதியை எல்லாரும் சொல்வார்கள். அதை யார் சொல்லச் சொல்ல எழுத வேண்டும் என்ற பகுதி அவ்வளவாகப் பேசப்படுவதில்லை. கடன்பட்டவர் சொல்ல வேண்டும். எழுதுகிறவர் அதை எழுத வேண்டும். சொல்ல இயலாதவராக இருந்தால் அவருடைய பொறுப்பாளர் சொல்ல வேண்டும். பலவீனமான தரப்பின் வாயில்தான் கணக்கு தொடங்குகிறது. எங்கட கொப்பியில் பேனையும் எங்கட கையில், வாக்கும் எங்கட வாயில். கொழுந்து மடுவத்திலும் அப்படியேதான்: தராசு அவர்களுடையது, செக்ரோல் அவர்களுடையது, ஈரத்துக்கும் கூடைக்கும் எத்தனை கிலோ கழிப்பது என்பதும் அவர்கள் சொல்கிற கணக்கு. 'அரைப் பேர்' போட்டுவிட்டார்கள் என்று அழுதுகொண்டு வந்த பெண்களைக் கடை வாசலில் நான் எத்தனையோ தரம் பார்த்திருக்கிறேன். எதை வைத்து அரை என்று அவர்களுக்குத் தெரியாது. கடைக்காரரும் கணக்குப்பிள்ளையும் ஒரே மாதிரி கெட்டவர்கள் என்று இதற்குப் பொருள் இல்லை. மற்றவர் பார்க்க முடியாத கணக்கை இரண்டு பேரும் வைத்திருந்தார்கள் என்பதே பொருள்.

மதீனாச் சந்தையைப் பற்றி இரண்டு செய்திகள் ஹதீஸ் நூல்களில் இருக்கின்றன. எங்கட பொருளியல் கட்டுரைகள் இவற்றைத் தனித்தனியாக எடுத்துப் பேசுகின்றன. சேர்த்து வாசித்தால்தான் ருசி. விலை ஏறியபோது விலையை நிர்ணயித்துத் தாருங்கள் என்று கேட்டவர்களுக்கு நபி (ஸல்) அவர்கள் மறுத்துவிட்டார்கள். சந்தையை நம்புகிறவர்கள் இதை மட்டும் எடுத்துக்கொள்வார்கள். ஆனால் வணிகக் கூட்டத்தை ஊருக்கு வெளியே வழிமறித்து, சந்தை விலை தெரிவதற்கு முன் சரக்கை வாங்குவதையும் அவர்களே தடுத்தார்கள். விலையை விட்டுவிட்டார்கள், விலை தெரியாதவனிடம் வாங்குவதை விடவில்லை. முதலாளித்துவத்தின் நல்லதும் கெட்டதும் இந்த இரண்டு செய்திகளுக்கு நடுவில்தான் பிரிகின்றன என்று நான் நினைக்கிறேன். கணக்கைப் பார்க்க முடிகிறதா, பிடிக்காவிட்டால் எழுந்து போக முடிகிறதா? இரண்டும் இருந்தால் சந்தை சாதாரண மனிதனைக்கூட ஓரளவு நேர்மையாக வைத்திருக்கும். இரண்டும் இல்லாத இடத்தில் நல்ல மனிதனும் சுரண்டுவான், தான் சுரண்டுவது தெரியாமலேயே.

இடதுசாரி நண்பர்கள் இந்த இடத்தில் சிரிப்பார்கள்: உரிமையே தனியார் கையில் இருக்கும்போது கணக்கைப் பார்த்து என்ன பயன் என்று. அதற்கும் இங்கே அனுபவம் இருக்கிறது. 1972இலும் 1975இலும் காணிச் சீர்திருத்தத்தால் தோட்டங்கள் அரசுக்கு வந்தன. அதே 1970களின் முற்பாதியில் லயங்களில் பட்டினிச் சாவுகள் நடந்தன. சொந்தக்காரர் மாறினார்; செக்ரோலை எழுதிய கை மாறவில்லை. அரசனே வியாபாரியானால் குடிகளுக்குக் கேடு என்று இப்னு கல்தூன் பதினான்காம் நூற்றாண்டில் 'முகத்திமா'வில் எழுதினார். அதே நூலில், மிகப் பெரிய அநீதிகளில் ஒன்று கூலியில்லாமல் கட்டாய உழைப்பு வாங்குவது என்றும் எழுதினார். முதலாவதை மட்டும் மேற்கோள் காட்டுகிறவர்கள் இரண்டாவதையும் காட்டினால் நல்லது. 1940இல் பதுளைக்கு அருகே வெவெஸ்ஸ தோட்டத்தில் நடந்தது எனக்கு இதைவிட முக்கியமாகப் படுகிறது. தொழிலாளர் தங்களுக்குள் ஒரு குழுவைத் தேர்ந்தெடுத்தார்கள். துரை அந்தக் குழுவோடு கலந்து வேலை நடத்த இணங்கினார். அது நீடிக்கவில்லை. ஆனால் கணக்கின் மறுபக்கத்தில் ஒரு கண் வைக்கக் கேட்ட போராட்டம் அது. பல சம்பளப் போராட்டங்களைவிடப் பெரிய கோரிக்கை.

1992இல் நிர்வாகம் மறுபடி கம்பனிகளுக்குப் போனது. காணி அரசினது, குத்தகை கம்பனியினது, லயம் யாருடையது என்பது அவ்வப்போது மாறுகிற பதில். 2014 ஒக்டோபர் 29ஆம் திகதி கொஸ்லந்த மீரியபெத்தவில் மலை சரிந்து லயங்களைப் புதைத்தது. ஆபத்து இருக்கிறது என்று தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனம் முன்னரே எச்சரித்திருந்தது. எச்சரிக்கை கடிதமாக இருந்தது, கடிதம் கோப்பில் இருந்தது, ஆட்கள் லயத்தில் இருந்தார்கள். கடை முதலாளிக்கு முகம் இருந்தது, திட்டவாவது முடிந்தது. இங்கே திட்டுவதற்கும் ஆள் இல்லை.

சம்பள விவாதமும் இப்படித்தான் போகிறது. ஆயிரம் ரூபாய்க்காக 2018இல் காலிமுகத்திடலில் இளைஞர்கள் கூடினார்கள். 2021 மார்ச்சில் சம்பளச் சபை 900 அடிப்படை, 100 படி என்று வர்த்தமானியில் போட்டது. கம்பனிகள் நீதிமன்றம் போயின. 2024 செப்டெம்பரில் அடிப்படை 1,350 ஆனது. உற்பத்தித்திறன் இல்லை என்று கம்பனிகள் சொல்வதில் பொய் இல்லை. மீள்நடுகை செய்யாத கிழட்டுத் தேயிலையில் கொழுந்து குறையும். ஆனால் யூலை தொடங்கி செப்டெம்பர் வரை காற்றடிக்கிற ஊவாப் பருவத்தில் இதே மலைத் தூள் ஏலத்தில் உச்ச விலை பிடிக்கும்போது, கொழுந்தெடுத்தவருக்கு அது தெரியவே தெரியாது. நட்டத்தில் பங்கு கேட்கிறவர் லாபத்தின் கணக்கையும் காட்ட வேண்டும். முழாரபா என்று நாங்கள் மேடையில் விளக்குகிற கூட்டு வியாபாரத்தின் அடிப்படை அதுதானே? உலகெங்கும் இஸ்லாமிய வங்கிகளில் ஓங்கி நிற்பது முறாபஹா. சாமானை வாங்கி லாபம் வைத்துத் தவணைக்கு விற்பது. ஒருவகையில், வங்கி அளவுக்கு வளர்ந்த பற்றுக் கொப்பி; ஆனால் விலை எழுதிய கொப்பி. அது முன்னேற்றம்தான், ஆனால் பங்காளித்தனம் இல்லை. பற்றுக் கொப்பி மறைந்த லயங்களுக்கு இன்று வாரா வாரம் நுண்கடன்காரர்கள் வருகிறார்கள். 2018 இறுதியில் மத்திய வங்கி அந்த வட்டிக்கு வைத்த உச்சவரம்பே ஆண்டுக்கு 35 வீதம். நானா கடையை ஏசியவர்கள் இப்போது அதை நினைத்து ஏங்குவதையும் கேட்கிறேன். ஏங்க வேண்டாம். இரண்டிலும் கணக்கு மற்றவர் கையில்தான்.

இளந்தாரிகள் லயத்தை விட்டுப் போகிறார்கள் என்று தோட்டங்கள் முறைப்படுகின்றன. எனக்கு அதில் கவலை இல்லை. கொழும்பும் ஆடைத் தொழிற்சாலையும் வளைகுடாவும் திறந்த கதவு, நூறு வருசமாக இந்த மலையில் இல்லாத ஒன்றைக் கொண்டுவந்தது: வேண்டாம் என்று சொல்லிப் போகிற வழி. முதலாளித்துவம் இங்கே செய்த நன்மைகளில் இதை முதலாவதாக வைப்பேன். ஆனால் அந்தப் பொடியன்கள் போய் நிற்கிற இடம் எது? புறக்கோட்டையில் எங்கட ஆட்களின் கடைகள் எத்தனை! 1954ஆம் ஆண்டின் கடை, அலுவலக ஊழியர் சட்டம் வேலை நேரத்தையும் விடுமுறையையும் வரையறுக்கிறது. சேமலாப நிதி 1958 முதல் இருக்கிறது. ஊருக்கு வந்து நிற்கிற பொடியன்களிடம் நான் கேட்டுப் பார்த்திருக்கிறேன். "சம்பளத்த மொதலாளிட்டயே வச்சிருக்கேன் சேர், பெருநாளைக்கு மொத்தமாத் தருவார்" என்பார்கள். எவ்வளவு நிற்கிறது என்று கேட்டால் சிரிப்பார்கள். நியமனக் கடிதம் என்றால் என்னவென்று அவர்களில் பலருக்குத் தெரியாது. இந்தச் சஞ்சிகையை வாசிக்கிற கடைக்காரர்கள் இருக்கிறார்கள் என்பது தெரிந்தே இதை எழுதுகிறேன். ஸகாத் கணக்குப் பார்க்க ரமழானில் உட்காருகிறபோது, சிப்பந்தியின் வைப்புக் கணக்கை அவன் முன்னால், அவன் வாயாலேயே சொல்லவைத்து எழுதலாம். வசனம் அதைத்தான் கேட்கிறது.

தென்பகுதித் தாழ்நாட்டைப் பார்த்தால் வேறொரு படம் கிடைக்கிறது. இன்று இலங்கைத் தேயிலையின் பெரும்பகுதி கம்பனித் தோட்டங்களில் விளைவதல்ல. காலி, மாத்தறை, இரத்தினபுரிப் பக்கத்துச் சிறுதோட்டக்காரர் கையில் விளைகிறது. தனியார் உடைமை, தனியார் ஆலை, ஏல விலை எல்லாம் அங்கேயும் உண்டு. ஆனால் அங்கே கொழுந்து கொடுக்கிறவருக்கு உறுதி இருக்கிறது. ஆலை தனக்குக் கிடைத்த விலையில் 68 பங்கைக் கொழுந்துக்கும் 32 பங்கைத் தனக்கும் பிரிக்க வேண்டும் என்ற சூத்திரமும் இருக்கிறது. சரியில்லை என்றால் அடுத்த ஆலையின் லொறிக்குக் கொழுந்தைப் போடலாம். தகராறு இல்லாத ஊர் என்று சொல்லவில்லை. எதை வைத்துத் தகராறு பண்ணுவது என்று தெரிந்த ஊர். நமுனுகுலப் பக்கமும் கம்பனிகள் இப்போது தேயிலைக் காணியைக் குடும்பங்களுக்குப் பிரித்து, பராமரித்துக் கொழுந்தைத் தாருங்கள் என்கிற வெளிவாரி முறையைப் பேசுகின்றன. கொழுந்தைக் கம்பனிக்கே கொடுக்க வேண்டும், உரம் கம்பனியிடமே வாங்க வேண்டும், உறுதி கிடையாது என்றால் அது பழைய பற்றுத்தான். வீட்டுக்கென்று அரசு கொடுத்தது 7 பேர்ச். அதில் வீடு கட்டி, கொல்லையில் கொஞ்சம் கீரையும் நாலு மிளகாய்க் கன்றும் வைக்கலாம். தேயிலை வைத்து லொறிக்குக் கொழுந்து போட அந்த நிலம் காணாது.